பதினொன்று நாற்பதுக்கு ஒரு சரிக்குறி

தீர்ப்பு வந்தது செவ்வாய்க்கிழமை. பதாகை அச்சானது அதற்கு முந்தின நாள், திங்கட்கிழமை. இதை ஜொகூர் பாரு பக்கத்து மாசாய் ஊரில் யாரும் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. கோயில் தலைவர் எந்தக் காரியத்தையும் முன்கூட்டியே செய்கிறவர் என்று பாராட்டாகவே பேசிக்கொண்டார்கள்.

தாமான் மெலோர் என்ற குடியிருப்பின் அம்மன் கோயில் இரும்பு வேலியில், பாசிர் கூடாங் போகிற தொழிற்சாலை பஸ்கள் நின்று ஆளேற்றும் இடத்துக்கு நேர் எதிரே அதைக் கட்டியிருந்தார்கள். மேலே சிவப்பு எழுத்தில் 'நீதி வென்றது'. நடுவில் தலைவர் ராஜசேகரன் கைகூப்பியபடி. அவருக்குக் கீழே 'அறப்பணிச் செம்மல், கல்விக் காவலர், சமூகச் சுடர்'. பாலர் பள்ளிக்கு இரண்டு மின்விசிறி வாங்கிக் கொடுத்ததில் அவர் கல்விக் காவலர் ஆனார். சமூகச் சுடர் எப்படி வந்தது என்பது அவருக்கே ஞாபகமில்லை. வலது மூலையில் அம்மனுக்கும் இடம் ஒதுக்கியிருந்தார்கள், பாஸ்போர்ட் படம் அளவுக்கு.

அந்தப் பதாகையைப் பார்த்தபடிதான் கஸ்தூரி தினமும் காலை ஐந்தே முக்காலுக்கு பஸ் ஏற வேண்டும். இரண்டு வருடத்துக்கு முன்பு வரை அந்த பஸ்ஸை ஓட்டிவந்தது அவள் புருஷன் அர்ச்சுனன். இப்போது வேறு ஆள் ஓட்டுகிறார். அர்ச்சுனன் பஸ் கம்பெனி டிப்போவில் வண்டி கழுவுகிறான். இடது காது போன ஆளை நாற்பது பேரை ஏற்றிப்போகிற வண்டியில் உட்கார வைக்க முடியாது என்று கம்பெனி டாக்டர் எழுதிவிட்டார்.

காது போன கதை தாமான் முழுக்கத் தெரியும். கோர்ட்டுக்கு மட்டும்தான் தெரியவில்லை.

அது போன வருடத்துக்கு முந்தின வருடத் திருவிழா. ஞாயிற்றுக்கிழமை காலையில் காப்புக் கட்டியாயிற்று. மஞ்சள் துண்டு முடிந்த நூலை மணிக்கட்டில் கட்டிக்கொண்டவர்கள், அடுத்த ஞாயிறு தீ மிதித்து, அதற்கடுத்த செவ்வாய் அதை அவிழ்க்கிறவரை விரதம் இருக்க வேண்டும். பூக்குழிக்குக் கட்டை அடுக்குவது பதினெட்டு வருடமாக அர்ச்சுனனின் வேலை. எந்த பாக்காவ் மரக் கட்டையை அடியில் போட்டால் கங்கு சமமாக இறங்கும், கடற்காற்று எத்தனை மணிக்குத் திரும்பும், எப்போது கொளுத்தினால் எப்போது கால் வைக்கலாம் என்பதெல்லாம் அவனுக்குத்தான் தெரியும். அன்று சாயங்காலம் குழிக்கு இடம் அளக்கப் போனால், பாதி இடத்தில் விஐபி கூடாரம் நின்றது. வைபி என்று எல்லாரும் கூப்பிடுகிற தொகுதிச் சட்டமன்ற உறுப்பினர் வந்து உட்கார சோபா போட வேண்டுமாம்.

மேடையில் மைக் சோதனை நடந்துகொண்டிருந்தது. மைக் திறந்திருப்பது தெரியாமல் அதன் பக்கத்தில் நின்று அர்ச்சுனன் கேட்டான்:

"தலைவரே, வைபி நெருப்புல நடக்கப் போறாரா? இல்லன்னா சோபாவ அந்தாண்ட போடச் சொல்லுங்க."

நான்கு ஒலிபெருக்கிகளும் அதைத் தாமானின் எல்லாச் சந்துக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தன. வீடுகளுக்குள்ளிருந்துகூட சிரிப்புச் சத்தம் வந்தது. தலைவர் நடந்து வந்தார். கல் மோதிரங்கள் போட்ட வலது கையை நன்றாக விரித்து, கன்னத்தையும் காதையும் சேர்த்து ஒரே அறை. அந்தச் சத்தத்தையும் மைக் விட்டுவைக்கவில்லை.

அங்கே நாற்பது பேர் இருந்தார்கள். நாற்பது பேரும் அந்த நேரம் பார்த்து சாம்பார் அண்டாவைக் கவனித்துக்கொண்டிருந்ததாகப் பின்னால் போலீஸ் விசாரணையில் தெரியவந்தது.

பத்து நிமிடம் கழித்து தலைவர் அதே மைக்கில் அறிவித்தார். காப்புக் கட்டியாச்சு, காப்பு அவிழ்க்கிற வரைக்கும் போலீஸ், கோர்ட்டு, ரிப்போர்ட்டு எதற்கும் யாரும் போகக்கூடாது, போனால் தெய்வக் குத்தம். அர்ச்சுனன் அதை நம்பினான். மறுநாள் கிளினிக்கில், கோயில் பேர் கெடுமே என்று, பாத்ரூமில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னான். மூன்றாம் நாள் காதில் சீழ் வைத்தது. வேப்பிலையும் மஞ்சளும் வைத்துக் கட்டிக்கொண்டு விறகு அடுக்கினான். காப்பை அவிழ்த்த மறுநாள்தான் போலீசுக்குப் போனான். அதற்குள் பத்து நாள் ஓடிவிட்டது.

சாட்சிக் கூண்டில் நின்ற அர்ச்சுனனிடம் தலைவரின் வக்கீல் கேட்டார், பத்து நாள் ஏன் புகார் செய்யவில்லை என்று. அம்மன் பேரை அந்தக் கூண்டுக்குள் இழுப்பது பாவம் என்று அர்ச்சுனனுக்குப் பட்டது. "வேலை இருந்துச்சுங்க" என்றான். கஸ்தூரியும் சாட்சி சொன்னாள். அறைந்த சத்தத்தை இரண்டு சந்து தள்ளி, தன் சமையலறையில் நின்று ஒலிபெருக்கியில் கேட்டதாகச் சொன்னாள். சத்தத்தை வைத்து அது யாருடைய கை என்று சொல்ல முடியுமா என்று வக்கீல் கேட்டார். மோதிரச் சத்தமும் கேட்டது என்றாள். கோர்ட்டில் சிரித்தார்கள்.

தீர்ப்பில் மாஜிஸ்திரேட் இரண்டே காரணம் சொன்னார். கிளினிக் அட்டையில் விழுந்ததாக இருக்கிறது. பத்து நாள் தாமதத்துக்கு விளக்கம் இல்லை. ஆகவே தலைவர் விடுதலை.

கோர்ட்டுக்கு வெளியே தாழ்வாரத்தில் தலைவருக்கு மாலை விழுந்துகொண்டிருந்தபோது, வழக்கை விசாரித்த மலாய்க்காரப் போலீஸ் சார்ஜன் கஸ்தூரியை ஓரமாகக் கூப்பிட்டார். அவளுக்கு மலாய் நன்றாக வரும்.

"அக்கா, நீங்க அப்பீல் போட முடியாது. டிபிபி ஆபீஸ்தான் போடணும்" என்றார். டிபிபி என்றால் அரசாங்கத் தரப்பு வக்கீல். "பதினாலு நாள்தான் டைம். அதுக்கு மேல ஒரு நாள் போனாலும் எடுக்க மாட்டாங்க. வேணும்னா நீங்க லெட்டர் போட்டுக் கேட்டுப் பாருங்க."

"அறை வாங்குனது இவரு. காது போனது இவருக்கு. கேஸ் மட்டும் அரசாங்கத்துக்கா?"

"சட்டம் அப்படித்தான் அக்கா."

"அப்ப காதையும் அரசாங்கமே எடுத்துக்கிட்டு வேற குடுக்கட்டும்."

சார்ஜன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு போய்விட்டார். அவர் நல்ல மனிதர்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கோயில் செயலாளர் வேலு வீட்டுக்கு வந்தான். பிற்பகல் மழை விட்டு, தார்ச்சாலையிலிருந்து ஆவி எழும்பிக்கொண்டிருந்தது. கூடவே பாசிர் கூடாங் பக்கமிருந்து ரப்பர் கருகின மாதிரி ஒரு வாடை. கஸ்தூரி கங்கோங் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அர்ச்சுனன் எழுந்து நாற்காலி போட்டான். வேலு அவனுடைய இடது பக்கம் உட்கார்ந்து ஐந்து நிமிடம் பேசிய பிறகுதான், ஒன்றும் போய்ச் சேரவில்லை என்று தெரிந்து வலது பக்கம் மாறினான்.

"அண்ணே, தலைவர் பெரிய மனசு பண்ணிட்டாரு."

"என்னா கேட்டாரு, இன்னொரு காதா?" என்றாள் கஸ்தூரி.

"அலமாக், அக்கா, கொஞ்சம் கேளுங்க லா. தீமிதி அன்னிக்குத் தலைவருக்கு நன்றி விழா வச்சிருக்கோம். அண்ணன் மேடையில ஏறி ஒரு பொன்னாடை போத்திட்டாப் போதும். எல்லாம் சரியாப் போயிரும். பொன்னாடைகூட நாங்களே வாங்கிட்டோம்."

"போத்தலன்னா?"

வேலு கையிலிருந்த தே-ஓ தேநீரை ஒரு வாய் குடித்தான். "கமிட்டியில ஒரு பேச்சு வந்துச்சு. பொய்க் கேஸ் போட்ட கை பூக்குழிக் கட்டையத் தொடலாமான்னு. நான் சொல்லலக்கா. பேச்சு வந்துச்சு, அவ்வளவுதான்."

"அது எந்த வாய் வழியா வந்துச்சுன்னு கேக்கறேன்."

"அக்கா..."

"சரி, அத விடு. அன்னிக்கு நீ எங்க நின்ன?"

"சாம்பார்கிட்ட."

"என்னா சாம்பாரு?"

"ஆ?"

"நாப்பது பேரு கண்ணு எடுக்காமப் பாத்த சாம்பாராச்சே. கத்திரிக்காயா, முருங்கக்காயா?"

வேலு டம்ளரைக் கீழே வைத்தான். பொன்னாடை பச்சைக் கலர், சரிகை போட்டது, நல்லாயிருக்கும் என்று அர்ச்சுனனிடம் மட்டும் சொல்லிவிட்டு மோட்டார் சைக்கிளை எடுத்தான்.

அவன் போன பிறகு அர்ச்சுனன் சொன்னான். "போத்திரலாம் கஸ்தூரி."

கஸ்தூரி கீரையிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

"எனக்கு அவர ஜெயில்ல போடணும்னுலாம் இல்ல" என்றான். "டிப்போவுல மெக்கானிக் கேக்கறான், நெசமாவே பாத்ரூம்லதான் வுழுந்தீங்களான்னு. கோர்ட்டே சொல்லிருச்சேங்கறான். பத்து வருசம் எங்கூட வேலை செஞ்சவன். அவனுக்கு என்னா சொல்றது? பொன்னாடை போத்துனா பூக்குழியாவது மிஞ்சும்."

"போத்துனா, கோர்ட்டுல நீங்க சொன்னது பொய்யின்னு நீங்களே கையெழுத்துப் போட்ட மாதிரி. அப்புறம் அந்தப் பூக்குழியில யாரு நிப்பா? நீங்களா, பொய்யனா?"

அவன் வேலு குடித்த டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போனான். அவள் இருந்த பக்கம் இடது பக்கம். கேட்டதா இல்லையா என்று அவளுக்கும் தெரியவில்லை.

மறுநாள் சனிக்கிழமை. மகள் லோஷினிக்கு சிங்கப்பூர் ஆபீசில் விடுமுறை. அம்மா சொல்லச் சொல்ல அவள் மடிக்கணினியில் மலாயில் கடிதம் அடித்தாள்.

"எழுது. அந்தக் கட்டையில போற ராஜசேகரன்..."

"அம்மா, இது டிபிபி ஆபீசுக்குப் போற லெட்டர்."

"சரி, 'கட்டையில போற'வ எடுத்துடு. மாண்புமிகுன்னு மட்டும் போட்டுடாத."

"'குற்றம் சாட்டப்பட்டவர்'னு போடறேன்."

"அது நல்லாருக்கு. அதையே எல்லா எடத்துலயும் போடு. பட்டத்துக்குப் பதிலா."

திங்கட்கிழமை அரைநாள் விடுப்பு எடுத்து, ஜொகூர் பாருவில் உள்ள அலுவலகத்தில் கஸ்தூரியே கடிதத்தைக் கொடுத்து முத்திரை வாங்கி வந்தாள். வியாழக்கிழமை போன் வந்தது. வருகிற திங்கள் பத்து மணிக்குப் புகார்தாரரும் கூட வர வேண்டும். அவள் விரல் விட்டு எண்ணினாள். திங்கள் பதின்மூன்றாவது நாள்.

அர்ச்சுனனும் எண்ணினான். அதற்கு முந்தின நாள் ஞாயிறு, இந்த வருடத் திருவிழாவுக்குக் காப்புக் கட்டு.

"காப்போட நான் வரமாட்டேன். தெய்வக் குத்தம்."

"அப்பக் கட்டாதீங்க."

"கட்டாம எப்படிக் குழியில எறங்கறது?"

"அப்பக் கட்டிக்கிட்டு வாங்க."

"அதான் கூடாதுங்கறேன்ல."

இப்படியே மூன்று நாள் போயிற்று. கஸ்தூரி வேலை செய்வது சமையல் எண்ணெய் பாட்டிலில் அடைக்கிற தொழிற்சாலையில். வரிசையாக ஓடி வருகிற பாட்டில்களுக்கு முன்னால் நின்று குறை பார்ப்பது பதினோரு வருடமாக அவள் வேலை. மூடி கசிந்தால், லேபிள் சாய்ந்தால், தேதி அழிந்திருந்தால் சட்டைப்பையிலிருந்து சின்ன நோட்டை எடுத்து மணி, இடம், குறை என்று மூன்று கட்டத்தில் எழுதி, கடைசியில் பெருக்கல் குறி போடுவாள். நல்ல பாட்டிலை யாரும் எழுதுவதில்லை. நல்லது தானாகப் பெட்டிக்குள் போய்விடும். அந்தப் பழக்கத்தில், தன் சாட்சி முடிந்து கோர்ட்டில் பின்வரிசையில் உட்கார அனுமதி கிடைத்த பிறகு, தலைவர் தன் பங்குக்குப் பேசிய இரண்டு நாளும் அவள் நோட்டும் கையுமாகத்தான் உட்கார்ந்திருந்தாள். பதினொன்று ஐந்து: அர்ச்சுனன் குடித்திருந்தான், பெருக்கல் குறி. பதினொன்று பதினைந்து: அவனுக்கு இரண்டு காதும் நன்றாகக் கேட்கும், நடிக்கிறான், பெருக்கல் குறி. மொத்தம் அறுபத்து மூன்று குறை. அதை யாரிடம் கொடுப்பது என்றுதான் தெரியவில்லை. வழக்கு முடிவதற்குள் அரசாங்கத் தரப்பில் மூன்று டிபிபி மாறிவிட்டார்கள். தலைவர் பேசிய அன்று வந்தவர், பக்கத்து அறையில் இருந்த அடுத்த வழக்கின் கோப்பைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலை கோயிலில் வரிசை நீண்டிருந்தது. பூசாரி அய்யாவு ஒவ்வொரு கையாகப் பிடித்து நூலைக் கட்டிக்கொண்டிருந்தார். தலைவருக்கு முதல் காப்புக் கட்டி, படமும் எடுத்தாயிற்று. இப்போது அவர் வாசலில் நின்று பதாகையின் ஒரு மூலை தொய்ந்திருப்பதை இரண்டு பேரைக் கொண்டு சரிசெய்துகொண்டிருந்தார்.

அர்ச்சுனனின் முறை வந்தது. அவன் கையை நீட்டவில்லை. கஸ்தூரி முந்திக்கொண்டாள்.

"பூசாரிண்ணே, காப்புக் கட்டுனா என்னென்ன செய்யக்கூடாது?"

"என்னாம்மா, புதுசாக் கேக்கற? கவிச்சி ஆவாது. கட்டில் மெத்தையில படுக்கக்கூடாது. சாவு வீட்டுக்குப் போவக்கூடாது. ராத்திரி வேற ஊர்ல தங்கக்கூடாது."

"போலீசு, கோர்ட்டு?"

அய்யாவு வாசல் பக்கம் ஒரு தடவை பார்த்துக்கொண்டார். பதாகை இன்னும் சரியாகவில்லை.

"அம்மாளுக்கும் போலீசுக்கும் என்னா தகராறு? போன வருசம் ஒரு இன்ஸ்பெக்டரே காப்பக் கட்டிக்கிட்டு டூட்டிக்குத்தான் போனாரு."

"அப்ப அது யாரு போட்ட சட்டம்?"

"அன்னிக்கு மைக்கு யாரு கையில இருந்துச்சோ, அவரு போட்டது."

அர்ச்சுனன் வலது காதை அவர் பக்கம் திருப்பியிருந்தான். "ஏண்ணே, அன்னிக்கே சொல்லியிருக்கலாமே?"

"நீ எங்க எங்கிட்டக் கேட்ட? நீ மைக்கத்தானே கேட்ட." சொல்லிவிட்டு அய்யாவு நூலை விரலில் சுற்றினார், பிரித்தார், மறுபடி சுற்றினார். "நானும் பயந்தவந்தாம்பா. இந்தக் கோயிலு ரூம்புலதான் குடியிருக்கேன்."

வரிசையில் பின்னால் நின்றவர்கள் என்ன தாமதம் என்று எட்டிப் பார்த்தார்கள். அர்ச்சுனன் தன் வெறும் மணிக்கட்டைப் பார்த்தான். அந்தப் பத்து நாளும், சீழ் தலையணையில் ஒழுகிய அந்த விடியற்காலைகளும், அம்மாளுக்காக என்று அவன் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்ததும், கடைசியில் தலைவருக்காக இருந்த விரதமாகப் போய்விட்டது. அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். பிறகு கையை நீட்டினான்.

"இறுக்கிக் கட்டுங்கண்ணே. நாளைக்கு ஜேபி டிபிபி ஆபீசுக்குப் போவணும்."

திங்கட்கிழமை அவர்களைப் பார்த்த டிபிபி ஒரு மலாய்ப் பெண்மணி. வழக்குக்கு நான்காவது ஆள். மேசையில் கோப்புகளுக்கு நடுவே அவருடைய சாப்பாட்டு டப்பா மட்டும் கொஞ்சம் இடம் பிடித்திருந்தது. கடிதத்தைப் படித்திருந்தார். அது ஒன்றே கஸ்தூரிக்கு ஆச்சரியமாக இருந்தது.

"திரு. அர்ச்சுனன், ஒன்றே ஒன்றுதான் கேள்வி. ஏன் பத்து நாள்?"

அர்ச்சுனன் மணிக்கட்டைக் காட்டினான். முழுவதையும் சொன்னான். மைக், அறிவிப்பு, தெய்வக் குத்தம், கிளினிக்கில் சொன்ன பொய். இரண்டு வருடமாகச் சொல்லாததை மலாயில் தட்டுத்தடுமாறிச் சொன்னான். அந்த அம்மையார் குறுக்கிடாமல் கேட்டார். முடிந்ததும் பேனாவை மூடினார்.

"இதை நீங்கள் கோர்ட்டில் சொல்லியிருக்க வேண்டும். மேல்கோர்ட்டு, கீழே பதிவானதை வைத்துத்தான் பார்க்கும். பதிவில் 'வேலை இருந்தது' என்றுதான் இருக்கிறது. இப்போது சொல்வதைப் புதிதாகச் சேர்க்க முடியாது."

அர்ச்சுனன் தலையாட்டினான், தவறு தன்னுடையதுதான் என்று ஒப்புக்கொள்கிற மாதிரி. அதைப் பார்க்கத்தான் கஸ்தூரிக்குப் பொறுக்கவில்லை. கைப்பையிலிருந்து நோட்டை எடுத்து மேசையில் வைத்தாள்.

"புவான், இவர் பேசாமல் விட்டது இருக்கட்டும். அந்த ஆள் பேசியதைப் பாருங்கள். அறுபத்து மூன்று பொய். மணியோடு இருக்கிறது."

அம்மையார் மரியாதைக்காகத்தான் புரட்டினார். தமிழ் எழுத்து அவருக்குத் தெரியாது. தெரிந்ததெல்லாம் தேதியும் மணியும் குறியும்தான். பெருக்கல், பெருக்கல், பெருக்கல். மூன்றாவது பக்கத்தில் விரல் நின்றது.

"இது மட்டும் ஏன் சரிக்குறி? பதினொன்று நாற்பது."

"அதுவா? எழுதிய பிறகுதான் தெரிந்தது, அந்த ஒன்றை மட்டும் அவர் உண்மையாகச் சொன்னார் என்று. அதனால் குறையில் சேர்க்கவில்லை."

"என்ன சொன்னார்?"

கஸ்தூரி நோட்டைத் திருப்பி, எழுதியிருந்ததை மலாயில் சொன்னாள். தன் தலைமையில் கோயில் எவ்வளவு கட்டுப்பாடாக நடக்கிறது என்பதைத் தலைவர் விளக்கிக்கொண்டிருந்த இடம் அது. யாரும் அவரைக் கேட்கவில்லை. மின்விசிறிகளைப் பற்றிச் சொல்லி முடித்து, நிறுத்த மனமில்லாமல் அவராகவே இதற்கு வந்திருந்தார்.

"'அந்தச் சம்பவம் நடந்த பத்தாவது நிமிடம் நானே மைக்கில் உத்தரவு போட்டேன், காப்பு அவிழ்க்கிறவரை யாரும் போலீசுக்குப் போகக்கூடாது என்று. என் பேச்சை மீறி ஒருவர் போகவில்லை.'"

அம்மையார் பேனாவைத் திறந்தார்.

"எந்தச் சம்பவம்?"

"அதைத்தான் புவான் நானும் இரண்டு வருடமாகக் கேட்கிறேன்."

"ஒன்றுமே நடக்கவில்லை என்பதுதானே இவருடைய வாதம்? நடக்காத ஒன்றுக்கு எதற்குப் போலீசுக்குப் போகாதே என்று உத்தரவு?" அவர் இதைத் தனக்குத்தானே சொல்லிக்கொண்ட மாதிரி இருந்தது. தாமதத்துக்கு விளக்கம் இல்லை என்று தீர்ப்பில் உள்ள வரியைத் தேடி எடுத்து, அதன் பக்கத்தில் 11.40 என்று எழுதினார். "கோர்ட்டில் எல்லாம் ஒலியோடு பதிவாகிறது. தேதியும் மணியும் இருந்தால் எடுத்துப் பார்க்கலாம். ஆனால் நான் எந்த உறுதியும் கொடுக்கவில்லை. முடிவு மேலே இருப்பவருடையது."

"உறுதி வேண்டாம்" என்றாள் கஸ்தூரி. "நாளையோடு பதினாலு நாள் என்பதை மட்டும் மறந்துவிடாதீர்கள்."

திரும்பி வரும்போது பஸ்ஸில் அர்ச்சுனன் ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, வலது காது அவள் பக்கம் இருக்கிற மாதிரி இடம் மாற்றிக்கொண்டான்.

"எல்லாத்தையும் எழுதுனியே, அந்த ஒண்ண மட்டும் ஏன் எங்கிட்டச் சொல்லல?"

"குறையத்தானே தேடுனேன். நல்லாருக்கிறத யாரு பாக்கறா?"

அவன் சிரித்தான். சிரித்து ரொம்ப நாளாயிற்று போல. முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார்.

செவ்வாய்க்கிழமை முழுக்க கஸ்தூரியின் கைப்பேசி தொழிற்சாலை லாக்கரில் பூட்டிக்கிடந்தது. வரிசையில் நிற்கும்போது யாரும் கைப்பேசி வைத்திருக்கக்கூடாது. அன்று அவள் கண்ணில் கசிகிற மூடிகளே அதிகம் பட்டன. சூப்பர்வைசர் வந்து, "கஸ்தூரி, இன்னிக்கு நல்ல பாட்டிலே இல்லையா?" என்று கேட்டுவிட்டுப் போனார். வேலை முடிந்து பஸ் மாசாயில் நின்றபோது, பதாகைக்குக் கீழே அர்ச்சுனன் நின்றிருந்தான். டிப்போ பூட்ஸ்கூடக் கழற்றவில்லை, கால்சட்டையெல்லாம் சோப்புத் தண்ணி.

"போட்டுட்டாங்களாம்" என்றான். "மூணு மணிக்கு போன் வந்துச்சு. அப்பீல் நோட்டீஸ் போட்டாச்சு. ஜெயிக்கறது தோக்கறது அப்புறம், வருசம்கூட ஆவுமாம்."

"மெக்கானிக்குக்கிட்ட சொன்னீங்களா?"

"அவன்தான் தண்ணி பைப்ப மூடிட்டு வந்து நின்னான், நான் போன் பேச. அரசாங்கமே நம்புதா அங்கிள்னு கேட்டான்." அவன் பதாகையை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தான். "ஆமான்னேன்."

தீமிதி ஞாயிற்றுக்கிழமை. நன்றி விழாவை நிறுத்த முடியவில்லை. சோபா வந்துவிட்டது. தலைவருக்கு அவருடைய வக்கீல் விஷயத்தைச் சொல்லிவிட்டதாகப் பேச்சு. ஆனால் 'நீதி வென்றது' என்ற பதாகையில், அடுத்த கோர்ட்டு முடிகிறவரை என்று சின்ன எழுத்தில் சேர்ப்பதற்கு இடமில்லை. பூக்குழிக்கு வேறு இரண்டு பேரைப் போட்டுப் பார்த்தார்கள். அவர்கள் கட்டை அடுக்கியதைப் பார்த்த அய்யாவு, "இதுல நடந்தா ஒரு கால் வேகும், ஒரு கால் குளுரும். அவனக் கூப்புடுங்க, அவன் காப்புக் கட்டியிருக்கான்" என்றார். இந்தத் தடவை அவர் வாசல் பக்கம் பார்க்கவில்லை.

மாலை ஆறு மணிக்குக் கங்கு பதமாக இறங்கியிருந்தது. அர்ச்சுனன் நீண்ட மூங்கிலால் அதைத் தட்டிச் சமப்படுத்திக்கொண்டிருந்தான். மேடை அவனுக்கு இடது பக்கம். அங்கே அறிவிப்பாளர் தலைவரின் பட்டங்களை ஒவ்வொன்றாக வாசித்தார். வேலு பச்சைப் பொன்னாடையைத் தட்டில் வைத்துக்கொண்டு, யார் போர்த்துவது என்று தெரியாமல் நின்றான். கஸ்தூரி பெண்கள் பக்கம் பால்குடத்தை இறக்கி வைத்துவிட்டு, முழங்காலில் கைவைத்து உட்கார்ந்திருந்தாள்.

தலைவர் மேடையிலிருந்து இறங்கினார். மைக்கை விட்டுவிட்டு வந்தார், அதுவே புதுமை. அர்ச்சுனனின் இடது பக்கம், கையெட்டும் தூரத்தில் வந்து நின்று, பேச வாயைத் திறந்தார். மூடிக்கொண்டார். இடது காதைப் பார்த்தார். பிறகு, அர்ச்சுனனுக்குப் பின்னால் மிச்சக் கட்டைகள் வழியை அடைத்திருந்ததால், பட்டு ஜிப்பாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, முகத்தில் அனலடிக்க, பூக்குழியின் நீளம் முழுவதும் நடந்து, மறுமுனையைச் சுற்றி, வியர்த்து ஒழுக அர்ச்சுனனின் வலது பக்கம் வந்து சேர்ந்தார். குனிந்து, அந்தக் காதில் சொன்னார்.

"அர்ச்சுனா, எதுக்குப்பா ஹைகோர்ட்டுலாம். நமக்குள்ளயே பேசி முடிச்சிக்கலாம் லா."

அர்ச்சுனன் மூங்கிலை நிறுத்தவில்லை.

"கேக்குது தலைவரே. ஆனா இவ்வளவு சூட்டுல எதுக்கு சுத்திக்கிட்டு வந்தீங்க? அந்தப் பக்கமே நின்னு சொல்லியிருக்கலாமே. கோர்ட்டுல நீங்க சொன்ன மாதிரி எனக்குத்தான் ரெண்டு காதும் நல்லாக் கேக்குமே."

தலைவர் நிமிர்ந்தார். கூட்டத்தைப் பார்த்தார். இந்தத் தடவை பக்கத்தில் சாம்பார் அண்டா எதுவும் இல்லை. எல்லாரும் அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கஸ்தூரி கோயில் கடிகாரத்தைப் பார்த்தாள். ஆறு இருபது. ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, சுருக்குப் பையிலிருந்து நோட்டை எடுத்து, மணியை எழுதினாள். 'பேசுவதற்கு வலது பக்கம் சுற்றி வந்தார்' என்று எழுதினாள். கடைசிக் கட்டத்தில் வழக்கம்போலப் பெருக்கல் குறி போடப் போய், நிறுத்தி, சரிக்குறி போட்டாள்.